தோட்டப்புற ஆவணப்படங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கோலாலம்பூரிலிருந்து கேமராவுடன் புறப்பட்டு, மூடப்பட்ட ரப்பர்த் தோட்டம் ஒன்றைப் படமாக்கச் செல்லும் இளைஞர்கள் முதலில் எடுப்பது இடிந்த லயங்களையும் (தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) புதர் மண்டிய கோவிலையும்தான். படம் அங்கேயே தொடங்கி அங்கேயே முடிந்துவிட்டால், தோட்டம் தானாக மூப்படைந்து மடிந்தது என்றே பார்ப்பவர் எண்ணிக்கொள்வார். இதுவே ஆகப் பெரிய தவறு. 1950களிலும் 60களிலும் தோட்டங்களைச் சிறு துண்டுகளாகப் பிரித்து விற்ற துண்டாடலும், குறைந்த ஆட்களே போதுமான செம்பனைக்கு (எண்ணெய்ப்பனை) மாறியதும், நகரம் பெருகியபோது நிலம் கைமாறியதும் மனிதர்கள் எடுத்த முடிவுகள். 1998 காமன்வெல்த் விளையாட்டுகளுக்காக அரங்கம் எழுந்த கோலாலம்பூரின் புக்கிட் ஜாலிலும் ஒரு காலத்தில் பால்மரத் தோட்டமே. வீடு நிர்வாகத்துக்குச் சொந்தமாக இருந்ததால், வேலையை இழந்த குடும்பம் கூரையையும் இழந்தது. ஆகவே நேர்காணலுக்கு முன்பே நில அலுவலகத்தில் கட்டணம் செலுத்தி, அந்த நிலம் இன்று யார் பெயரில் இருக்கிறது என்பதைப் பார்த்துவிட வேண்டும்.

தொழிலாளர்களைக் கையறு நிலையில் மட்டுமே காட்டுவதும் பிழைதான். துண்டாடலைத் தடுக்க 1960இல் அன்றைய அமைச்சர் துன் வீ. தி. சம்பந்தன் தொடங்கிய தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம், பால்வெட்டுக்காரர்களின் சிறு சேமிப்பைத் திரட்டித் தோட்டங்களையே வாங்கியது; அதில் பணம் கட்டியவர்களிடம் அந்த நாட்களைப் பற்றியும் கேட்க வேண்டும்.

வேலையின் நேரத்தை அறியாமல் செல்வது என் முதல் படத்தில் நான் செய்த தவறு. குளிர்ந்த விடியலில்தான் பால் நன்றாக வடியும் என்பதால், தலைவிளக்கைக் கட்டிக்கொண்டு இருட்டிலேயே மரப்பட்டையைக் கீறிப் பால் வெட்டத் தொடங்கிவிடுவார்கள். ஒன்பது மணிக்கு நான் போய்ச் சேர்ந்தபோது ஓர் அக்கா மரத்தடியில் அசையாமல் அமர்ந்திருந்தார். அதை விரக்தி என்று எண்ணி, சோக இசையும் சேர்த்தேன். அவரோ வெட்டை முடித்துவிட்டு, மரத்தில் கட்டிய மங்குகளில் (கிண்ணங்களில்) பால் நிறையட்டும் என்று காத்திருந்தவர். அந்தக் காட்சியை இன்றும் என்னால் நிம்மதியாகப் பார்க்க முடிவதில்லை.

பெரட்டு (காலையில் ஆட்களைக் கூட்டிப் பெயர் பதிவது), ஒட்டுப்பால் (மரத்திலும் மங்கிலும் உறைந்து ஒட்டிய பால்), ஆயாக்கொட்டகை (குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் இடம்) போன்ற சொற்களை வசனவரியில் பொதுச்சொற்களாக மாற்றிவிடாதீர்கள். ஒப்புதல் படிவம் மலாயிலோ ஆங்கிலத்திலோ இருந்தால், கையொப்பம் வாங்குமுன் தமிழில் முழுவதும் வாசித்துக் காட்டுங்கள். முதல் திரையிடல் விழா அரங்கில் அல்ல, படத்தில் பேசிய தோட்ட மக்கள் இப்போது குடியிருக்கும் அடுக்குமாடியின் பொதுக்கூடத்தில் நடக்க வேண்டும். அவர்கள் சுட்டும் பிழைகளைத் திருத்துவதற்கென்று சில நாட்களைப் படத்தொகுப்பு அட்டவணையிலேயே ஒதுக்கி வைத்துவிடுங்கள்.