வெள்ளியங்கிரியில் இரவில் ஏறுவோர் புலன்களைப் பயன்படுத்தும் முறை

கோவைக்கு மேற்கே, பூண்டி அடிவாரத்திலிருந்து வெள்ளியங்கிரியின் ஏழு மலைகளை ஏறுவோரில் பலர் வெயிலுக்கு அஞ்சி இரவில்தான் புறப்படுகிறார்கள். அதற்காக உடலைப் பழக்குவோர்கூட, இருட்டில் எதை நம்பிக் கால் வைப்பது என்று யோசிப்பதில்லை.

மங்கலான ஒளியில் பார்க்க உதவும் விழித்திரையின் குச்சி செல்கள் இருளுக்குப் பழக 20 முதல் 30 நிமிடங்கள் தேவைப்படும். செல்பேசியின் பிரகாசமான திரையைப் பார்த்தால் அந்தப் பழக்கம் கலைந்துவிடும். ஆகவே ஏறும்போது செல்பேசியைப் பையிலேயே வைத்திருங்கள். இறங்கி வருவோரின் முகத்தில் டார்ச் அடிக்காமலிருப்பது அதைவிட முக்கியம். விழித்திரையின் மையப்புள்ளியில் குச்சி செல்கள் இல்லாததால், மங்கலான பொருளை நேராக உற்றுப் பார்த்தால் அது மறைந்துபோகும். பார்வையைச் சற்றே பக்கவாட்டில் செலுத்தினால் புலப்படும்.

டார்ச்சை எந்த உயரத்தில் பிடிக்கிறோம் என்பதற்குத்தான் நான் மிகுந்த மதிப்புக் கொடுப்பேன். நெற்றியில் கட்டும் விளக்கு கைகளுக்கு வசதிதான். ஆனால் அதன் ஒளி ஏறக்குறைய நம் பார்வை செல்லும் திசையிலேயே செல்வதால், கற்களின் நிழல் கற்களுக்குப் பின்னால் மறைந்து, மேடும் பள்ளமும் தட்டையாகத் தோன்றுகின்றன. விளக்கை இடுப்பளவில் பிடித்தால் நிழல் நீண்டு விழுந்து படியின் உயரத்தைக் காட்டிக்கொடுக்கும்.

அடிவாரத்தில் கிடைக்கும் மூங்கில் தடி சாய்ந்துகொள்வதற்கு மட்டுமன்று. அடுத்து மிதிக்கவிருக்கும் கல்லைத் தடியால் அழுத்திப் பார்த்தால், அது ஆடுகிறதா, வழுக்குகிறதா என்பதை உடல் எடையை ஏற்றுவதற்கு முன்பே உள்ளங்கை அறிந்துகொள்ளும். பிடியை இறுக்கினால் விரல்கள் களைத்து அந்த நுண்ணுணர்வு குறையும் என்பதால் தளர்வாகவே பிடிக்க வேண்டும்.

இது யானைகள் நடமாடும் காடு. இரண்டு காதுகளையும் திறந்து வைத்து, கிளை முறியும் ஓசை கேட்டால் பேச்சை நிறுத்தி, கூட்டத்தைவிட்டுப் பிரியாமல் நிற்க வேண்டும். பாட்டுக் கேட்டுக்கொண்டு ஏறுவோர் இந்த எச்சரிக்கையை இழக்கிறார்கள்.

இறங்கும்போது கவனம் இன்னும் கூடுதலாகத் தேவை. உடலின் எடையைத் தாங்கித் தாங்கித் தொடைத் தசைகள் களைத்தபின், மூட்டு எந்தக் கோணத்தில் இருக்கிறது என்று மூளைக்குச் செல்லும் செய்தியின் துல்லியமும் குறைவதால், கண் சரியாகக் கணித்த படியிலும் கால் தவறக்கூடும். தொடை நடுங்கத் தொடங்கியதும் உட்கார்ந்துவிடுங்கள். நடுக்கம் அடங்கிய பின், முன்னைவிடச் சிறிய அடிகளாக, முழங்காலைச் சற்று மடக்கியபடி இறங்குங்கள்.