விபத்து இழப்பீடு தீர்ப்பாகியும் பணம் வரவில்லையா? இ.பி. போடுங்கள்

விழுப்புரம் பக்கம் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருக்கிறேன். எங்களிடம் வருவது பெரும்பாலும் வாகன விபத்து வழக்குகள். தீர்ப்பு வந்துவிட்டால் பணமும் தானாக வந்துவிடும் என்று நம்பி வருடக்கணக்கில் காத்திருக்கும் குடும்பங்களைப் பார்க்கும்போது மனசு தாங்காது. தீர்ப்பு சொன்ன 30 நாளுக்குள் பணம் கட்ட வேண்டும் என்கிறது மோட்டார் வாகனச் சட்டம், பிரிவு 168. கட்டவில்லை என்றால் நாம்தான் கேட்டுப் போக வேண்டும்.

தீர்ப்புக்கும் டிக்ரிக்கும் (யார் யாருக்கு எவ்வளவு கட்ட வேண்டும் என்ற முறையான உத்தரவு) சான்றிட்ட நகல் வாங்கி, அதே தீர்ப்பாயத்தில் நிறைவேற்று மனு, அதாவது இ.பி., போடுங்கள். பிரிவு 174-இன்படி கலெக்டர் மூலம் வருவாய் பாக்கி போல வசூலிக்கவும் வழி உண்டு. ஆனால் கோப்பு தாலுகா ஆபீஸில் தூங்கிவிடும் என்பதால் நான் இ.பி.யைத்தான் சொல்வேன்.

பணம் கட்ட வேண்டியவர்கள் "அப்பீல் போட்டிருக்கிறோம்" என்பார்கள். அப்பீல் போட்டாலே தடை வந்துவிடாது. தடை உத்தரவின் நகலைக் கேளுங்கள். பாதித் தொகையைக் கட்டினால்தான் தடை என்று உயர் நீதிமன்றம் நிபந்தனை போட்டிருந்தால், கட்டினார்களா என்றும் பாருங்கள்.

எதிரி அரசுப் போக்குவரத்துக் கழகம் என்றால் பேருந்து ஜப்திதான் வேலை செய்கிறது. மனுவில் பேருந்தின் பதிவு எண், பணிமனை, ஓடும் தடம் எல்லாம் சரியாக இருக்க வேண்டும். பேட்டா, அதாவது உத்தரவை நிறைவேற்றுவதற்கான கட்டணம், கட்டியதும் நீதிமன்ற ஊழியரான அமீனா உத்தரவோடு பேருந்து நிலையத்துக்கு வருவார். நீங்களோ குமாஸ்தாவோ கூடப் போய் வண்டியை அடையாளம் காட்ட வேண்டும். கண்ணாடியில் உத்தரவை ஒட்டுவார், கண்டக்டர் பயணிகளை வேறு வண்டியில் ஏற்றிவிடுவார், பேருந்து நீதிமன்ற வளாகத்துக்குப் போகும். பெரும்பாலும் அதற்கப்புறம்தான் அதிகாரிகள் பேச வருவார்கள்.

பேச வரும்போது கணக்கில் ஏமாந்துவிடாதீர்கள். 12 லட்சம், 7.5 சதவீத வட்டி, 4 வருடம் என்று வைத்துக்கொள்வோம். வட்டி மட்டும் 3,60,000. அவர்கள் 6 லட்சம் கட்டிவிட்டு "அசலில் பாதி தீர்ந்தது" என்பார்கள். தீர்ப்பில் வேறுவிதமாகச் சொல்லாவிட்டால் கட்டிய பணம் முதலில் வட்டிக்கும், வழக்குச் செலவுக்காகத் தீர்ப்பில் தரச் சொன்ன செலவுத் தொகைக்கும்தான் போகும். செலவுத் தொகையை விட்டுவிட்டாலும் அசலில் குறைவது 2,40,000 மட்டும். இன்னும் 9,60,000-க்கு வட்டி ஓடும். இதை வக்கீலிடம் சொல்லிக் கணக்கு மெமோவாகத் தாக்கல் செய்யச் சொல்லுங்கள்.

இன்சூரன்ஸ் இல்லாத தனியார் வண்டி என்றால், அதன் உரிமையாளர் தன் சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தர உத்தரவிடும்படி கேட்கலாம்.

வாய்தா மேல் வாய்தா போனால், இ.பி.யை 6 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் சொன்னதை எடுத்துக் காட்டுங்கள்.

பணம் டெபாசிட் ஆனாலும் அதை எடுக்கத் தனி மனு வேண்டும். பாஸ்புக், ஆதார், பான் நகல்களை இப்போதே எடுத்து வையுங்கள்.