விளிச்சொற்களை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

வேற்றுமை ஏழு என்று முதலில் கூறும் தொல்காப்பியம், ஒருவரை அழைப்பதாகிய விளியையும் சேர்த்தால் எட்டு என்று அடுத்துச் சொல்கிறது. அதற்கென விளிமரபு என்று தனி இயலும் வகுத்திருக்கிறது. விளிச்சொல் வாக்கியத்தோடு சேர்ந்து வருமே ஒழிய, அதில் எழுவாயாகவோ செயப்படுபொருளாகவோ நிற்பதில்லை. இதை மறப்பதால்தான் பெரும்பாலான பிழைகள் நேர்கின்றன.

“தம்பி, மழை வருகிறது” என்பதில் எழுவாய் மழை. தம்பி அதைக் கேட்பவன் மட்டுமே. “கண்ணா, வா” என்பதில்கூட எழுவாய் கண்ணன் அல்லன், வெளிப்படத் தோன்றாத ‘நீ’தான். ஆகவே, விளிக்கப்பட்டவரே செயலைச் செய்பவராகவும் இருந்தால் வினை முன்னிலையில் அமைய வேண்டும். “மாணவர்களே, கட்டுரையை நாளைக்குள் ஒப்படைப்பார்களாக” என்று எழுதுவது, அழைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வதற்குச் சமம். “ஒப்படையுங்கள்” என்பதே சரி. “ஐயா” என்று தொடங்கி “நீ” என்று முடிப்பதும், “நண்பா” என்று ஒருமையில் அழைத்து “சொல்லுங்கள்” என்று பன்மைக்குத் தாவுவதும் இந்த இசைவின்மையின் வேறு வடிவங்களே.

காற்புள்ளியை அலங்காரமாக நினைத்து விட்டுவிடுவது மிகப் பரவலான தவறு. “மாலா அக்கா எங்கே?” என்றால் மாலா என்னும் அக்காவைத் தேடுகிறோம், “மாலா, அக்கா எங்கே?” என்றால் மாலாவிடம் வேறொருவரைப் பற்றிக் கேட்கிறோம். ஏகாரம் வரும் இடங்களில் இன்னும் கவனம் தேவை. “தலைவரே வந்தார்” என்பதிலுள்ள ஏகாரம் தேற்றப்பொருள் தருவது, அதாவது பிறரை அனுப்பாமல் அவரே நேரில் வந்தார். “தலைவரே, வந்தார்” என்று எழுதினாலோ வந்தவர் வேறு யாரோ ஆகிவிடுகிறார், தலைவர் அந்தச் செய்தியைக் கேட்பவராகிறார். விளி இடையில் வந்தால் இருபுறமும் காற்புள்ளி வேண்டும்: “இன்று, நண்பர்களே, நாம் பேசப்போவது இதுதான்.” விளிக்குப் பின் உணர்ச்சிக்குறி இடும் வழக்கமும் உண்டு, ஆனால் ஒவ்வோர் அழைப்புக்கும் அதை இட்டால் கட்டுரை முழுவதும் கூவுவது போலிருக்கும்.

வடிவத்திலும் பிழைகள் நேர்கின்றன. அழைப்பிதழ்களில் காணும் ‘அன்புடையீர்’ என்பது ‘அன்புடையார்’ என்பதன் விளி. ஆகவே “அன்புடையீர் அவர்களுக்கு” என்பது விளியோடு நான்காம் வேற்றுமையைக் கோத்த பிழை. ‘நண்பர்காளே’ என்பது ஏற்கெனவே விளியாக இருப்பதன்மேல் மற்றொரு விளியை ஏற்றுவது. “பெரியீர் வந்திருந்தனர்” என்பதும் தவறு. அங்கே ‘பெரியோர்’ என்றே எழுத வேண்டும். கடிதத் தொடக்கத்தில் “அன்புள்ள நண்பருக்கு” என்பதில் குறையில்லை, ஏனெனில் ‘எழுதுவது’ என்னும் சொல் அங்கே மறைந்து நிற்கிறது.

‘அவன்’, ‘அவர்’ போன்ற சுட்டுப்பெயர்கள் விளி ஏற்பதில்லை என்று நன்னூல் கூறுவதைக் காட்டி, “தலைவர் அவர்களே” என்பதையும் சிலர் திருத்துகிறார்கள். அது தேவையற்ற கண்டிப்பு என்பேன். அங்கே ‘அவர்கள்’ சுட்டாக நில்லாமல், பெயருடன் சேர்ந்த மரியாதைச் சொல்லாகவே நிற்கிறது.

சந்தியைப் பொறுத்தவரை விதி எளியது: விளித்தொடரில் வல்லினம் மிகாது. “தம்பிக் கேள்”, “தோழிப் பார்” என்று ஒற்றிடக் கூடாது. “தம்பி, கேள்” என்பதே சரி. காற்புள்ளியை இடாமல் விட்டாலும் அங்கே ஒற்று வராது.