மாவும் கரியும்: பிரிட்டிஷ் மௌனப் படச் சிரிப்பைப் பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

சாப்ளினிலிருந்து தொடங்குவதுதான் முதல் தவறு. அவர் திரைக்கு வந்தது 1914இல், அதுவும் அமெரிக்காவில். இங்கிலாந்தின் தென்கரையில், பிரைட்டனை ஒட்டிய ஹோவ் ஊரைச் சேர்ந்த ஜி.ஏ. ஸ்மித் 1897இல் 'தி மில்லர் அண்ட் தி ஸ்வீப்' எடுத்தபோது சாப்ளினுக்கு எட்டு வயது. மாவு மூட்டையுடன் ஆலைக்காரன், கரி மூட்டையுடன் புகைபோக்கி துடைப்பவன். முட்டிக்கொள்கிறார்கள், மூட்டையாலேயே மொத்திக்கொள்கிறார்கள். வெள்ளை கறுக்கிறது, கறுப்பு வெளுக்கிறது. கறுப்பு வெள்ளைப் படச்சுருளுக்கென்றே பிறந்த சண்டை!

அடுத்தது வேகம். அக்காலத்து மனிதர்கள் குடுகுடுவென்று ஓடித்தான் சிரிக்க வைத்தார்கள் என்று பலர் நம்புகிறார்கள். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். நொடிக்குச் சுமார் 16 படங்கள். அதையே 24 வீதம் ஓட்டினால் ஒரு நிமிடக் காட்சி 40 நொடியில் முடிந்துவிடும். அடி வாங்கியவன் முகத்தில் திகைப்பு வருவதற்குள் அடுத்த அடி விழுந்துவிடுகிறது. திரையில் வேகமாகத் தெரியட்டும் என்று வேண்டுமென்றே கேமராவை மெதுவாகச் சுற்றியதும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் பின்னணியில் சும்மா நடந்துபோகிறவர்களும் பதறி ஓடினால், ஓட்டும் வேகத்தை 0.75 ஆகக் குறைத்துப் பாருங்கள்.

'கேமராவை நட்டுவைத்து நாடகத்தைப் படம் பிடித்தார்கள்' என்று எழுதுவோர் 1903இல் வந்த ஸ்மித்தின் 'மேரி ஜேன்ஸ் மிஸ்ஹாப்' படத்தைப் பார்த்திருக்க மாட்டார்கள். வேலைக்காரி மேரி ஜேனாக நடித்தவர் ஸ்மித்தின் மனைவி லாரா பேலி. பூட்ஸ் துடைக்கும்போது முகத்தில் மை மீசையாக ஒட்டிக்கொள்கிறது. கேமரா அருகே தாவி வந்துவிட, நம்மைப் பார்த்துக் கண்ணடிக்கிறார். பிறகு அடுப்பில் மண்ணெண்ணெயை ஊற்றிப் புகைபோக்கி வழியாகப் பறக்கிறார். கல்லறையில் 'அமைதியாக உறங்குக' என்பதற்குப் பதில் 'துண்டு துண்டாக உறங்குக'. ஆவியாக வந்தும் மண்ணெண்ணெய்ப் பாத்திரத்தை விடவில்லை.

தந்திரத்தை விளக்கிவிட்டால் சிரிப்பையும் விளக்கியதாக எண்ண வேண்டாம். செசில் ஹெப்வொர்த் 1900இல் தன் படமொன்றில் ஒரு மோட்டார் காரை வெடிக்கவைத்தார்: கேமராவை நிறுத்தி, காரை அகற்றி, மீண்டும் சுற்றினார். என்னைச் சிரிக்கவைப்பது அதுவல்ல. வானத்திலிருந்து கைகால்கள் விழ, அவற்றைப் பொறுக்கி வகைப்படுத்தும் போலீஸ்காரரின் கடமை உணர்ச்சி!

தர்க்கம் கேட்பதும் வேண்டாம். ஜேம்ஸ் வில்லியம்சனின் 'தி பிக் ஸ்வாலோ'வில் (1901) ஒரு கோபக்காரர் நெருங்கி நெருங்கி வந்து, கேமராவையும் அதைச் சுற்றுபவரையும் விழுங்கிவிடுகிறார். 'அப்படியானால் மிச்சத்தை எடுத்தது யார்?' என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். அவரோ திருப்தியாக மென்றுகொண்டே, இல்லாத அந்தக் கேமராவைப் பார்த்தபடி பின்வாங்குகிறார்.