மாதவிலக்கு வயிற்றுவலி: மாத்திரையை எப்போது போடுவது, டாக்டரிடம் எப்போது போவது

"பொம்பளையாப் பொறந்தா இதெல்லாம் இருக்கத்தான் செய்யும்" என்று சொல்லிச் சொல்லியே, குறைக்கக்கூடிய வலியைப் பல பெண்கள் வருடக்கணக்கில் தாங்கிக்கொண்டிருக்கிறார்கள். வேறு சிலர் மெடிக்கலில் ஒரு மாத்திரை வாங்கிப் போட்டு, "எனக்கு அது கேக்கல" என்று விட்டுவிடுகிறார்கள். பெரும்பாலும் மாத்திரையில் குறை இருக்காது, போட்ட நேரம்தான் பிந்தியிருக்கும். அதனால் நேரத்தைப் பிடிப்பதிலிருந்து ஆரம்பிப்போம்.

வலி எங்கிருந்து வருகிறது

கருப்பையின் உள்சுவர் உதிரும்போது அங்கே புரோஸ்டாகிளாண்டின் என்ற ரசாயனம் சுரக்கிறது. அது கருப்பைத் தசையை இறுக்குகிறது. தசை இறுகும்போது அதற்குப் போகும் ரத்தம் குறைகிறது. அடிவயிற்றைப் பிசைந்து, இடுப்புக்கும் தொடைக்கும் இறங்கும் வலி இதனால்தான். சிலருக்கு வாந்தி, பேதி, தலைச்சுற்றல் கூடவே வருவதற்கும் இந்த ரசாயனமே காரணம். "உடம்பு சூடு" என்று பட்டினி கிடப்பதால் இது குறையாது.

முதல் படி: காலண்டரில் குறியுங்கள்

சுவரில் மாட்டியிருக்கும் மாதக் காலண்டரே போதும். உதிரம் பட்ட நாள், வலி தொடங்கிய நேரம், 10-க்கு எத்தனை வலி, மாற்றிய நாப்கின் எத்தனை, மாத்திரை போட்ட நேரம், அன்று வேலைக்கோ பள்ளிக்கோ போக முடிந்ததா என்பதை எழுதுங்கள். மூன்று மாதம் எழுதினால் உங்கள் வலியின் போக்கு தெரிந்துவிடும்.

உதிரம் தொடங்குவதற்குச் சற்று முன்போ கூடவோ வந்து, ஒன்று முதல் மூன்று நாளில் அடங்கி, வயதுக்கு வந்த ஓரிரு வருடத்திலிருந்தே இருக்கும் வலி பொதுவாகச் சாதாரண வகை. வீட்டுக்கு விலக்காகாத நாளிலும் வலி, வருடத்துக்கு வருடம் கூடும் வலி, 25 வயதுக்கு மேல் புதிதாகத் தொடங்கிய வலி, தாம்பத்தியத்தின்போதோ மலம் கழிக்கும்போதோ வலி என்றால் நேராகக் கடைசிப் படிக்குப் போங்கள். எண்டோமெட்ரியோசிஸ் (கருப்பையின் உள்சுவர் போன்ற திசு கருப்பைக்கு வெளியே வளர்வது), அடினோமயோசிஸ் (அதே திசு கருப்பைத் தசைக்குள் வளர்வது), நார்த்திசுக் கட்டி போன்றவை பின்னால் இருக்கலாம்.

இரண்டாம் படி: ஒத்தடம்

வெந்நீர்ப் பையில் முக்கால் பாகத்துக்கு மேல் ஊற்றாதீர்கள். கொதிக்கும் தண்ணீர் வேண்டாம். கை பொறுக்கும் சூட்டைவிடக் கொஞ்சம் கூடுதல் போதும். மூடுவதற்கு முன் பையை மெல்ல அமுக்கிக் காற்றை வெளியேற்றுங்கள். மூடியைத் திருகி, பையைக் கவிழ்த்து ஒழுகுகிறதா என்று பாருங்கள். மெல்லிய துண்டில் சுற்றி, தொப்புளுக்குக் கீழே 15 முதல் 20 நிமிடம் வைத்து, கொஞ்ச நேரம் விட்டு மறுபடி வைக்கலாம். வைத்துக்கொண்டே தூங்கக் கூடாது. மாதாமாதம் ஒரே இடத்தில் அதிகச் சூடு வைத்தால் தோலில் பழுப்பாக வலை பின்னியது போலத் தழும்பு விழும். அதைப் பார்த்தால் சூட்டைக் குறைக்க வேண்டும் என்று அர்த்தம்.

பை இல்லையா? கல் உப்பை வாணலியில் வறுத்து, கெட்டியான பருத்தித் துணியில் முடிந்து, முதலில் முன்கையின் உள்பக்கம் தொட்டுப் பார்த்துவிட்டு வையுங்கள். சில வீடுகளில் இந்த நாட்களில் தனியாக ஒதுங்கியிருக்கச் சொல்வார்கள். அப்படியானால் வெந்நீர், சாப்பாடு, மாத்திரை மூன்றும் கையெட்டும் தூரத்தில் இருக்கட்டும்.

மூன்றாம் படி: மாத்திரை

மெஃபெனாமிக் ஆசிட், ஐபுப்ரூஃபன் போன்றவை புரோஸ்டாகிளாண்டின் உருவாவதையே தடுக்கின்றன. ஏற்கெனவே ஊறிவிட்டதை அவற்றால் அழிக்க முடியாது. வலி உச்சத்துக்குப் போன பிறகு போட்டால் பாதிப் பலன்தான். லேசான இழுப்பு தெரியும்போதே, அல்லது உதிரம் பட்ட உடனே முதல் மாத்திரை உள்ளே போக வேண்டும். தேதி தவறாமல் வருபவர்கள் டாக்டரைக் கேட்டுவிட்டு முந்தின நாளே தொடங்கலாம்.

பெரியவர்களுக்கு வழக்கமான அளவு: மெஃபெனாமிக் ஆசிட் 500 மில்லிகிராம், அல்லது ஐபுப்ரூஃபன் 400 மில்லிகிராம், நாளைக்கு மூன்று வேளை, சாப்பிட்ட பிறகு. இரண்டில் ஒன்றுதான். இரண்டு, மூன்று நாளில் நிறுத்திவிடலாம். 18 வயதுக்குக் கீழ் இருந்தால் டாக்டர் சொல்லும் அளவு மட்டுமே. வேலை செய்ய அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் ஆகும். பத்து நிமிடத்தில் இன்னொன்றைப் போடாதீர்கள். கிளினிக்கில் வலி ஊசி போடப் போனால், என்ன மாத்திரை போட்டிருக்கிறீர்கள் என்பதை முதலில் சொல்லுங்கள். ஊசியும் அதே வகை மருந்தாக இருக்கலாம்.

பலரும் கேட்டு வாங்கும் மெஃப்டால்-ஸ்பாஸில் மெஃபெனாமிக் ஆசிட் 250 மில்லிகிராம்தான். கூடவே தசை இறுக்கத்தைத் தளர்த்தும் டைசைக்ளோமின் இருக்கிறது. இது வாயை உலர்த்தும், சிலருக்குத் தூக்கமும் கண் மங்கலும் தரும். போட்டுவிட்டு ஸ்கூட்டி ஓட்டாதீர்கள், மெஷினிலும் உட்காராதீர்கள்.

வயிற்றுப் புண், சிறுநீரகக் கோளாறு, வலி மாத்திரையால் மூச்சிரைப்பு வந்த ஆஸ்துமா இருந்தாலோ, கர்ப்பமாக இருக்கலாம் என்ற சந்தேகம் இருந்தாலோ இந்த வலி மாத்திரைகள் வேண்டாம். பாராசிட்டமால் பற்றி டாக்டரிடம் கேளுங்கள். மெஃபெனாமிக் ஆசிட்டால் அரிதாகக் கடுமையான ஒவ்வாமை வரலாம் என்று இந்திய மருந்துத் தரநிலை ஆணையம் 2023-ல் எச்சரித்தது. போட ஆரம்பித்த சில வாரங்களில் காய்ச்சலோடு தோல் தடிப்பு, நெறி கட்டுவது தெரிந்தால் நிறுத்திவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

இன்னொன்றையும் அழுத்திச் சொல்ல வேண்டும். பாலக்கோடு, ராயக்கோட்டைப் பக்கம் தக்காளிக் காட்டில் வெயிலில் நிற்பவர்களும், கழிப்பறைக்குப் பயந்து ஷிப்ட் முழுக்கத் தண்ணீர் குடிக்காமல் இருக்கும் ஓசூர், பர்கூர் கம்பெனிப் பெண்களும் இந்த மாத்திரையைப் போடும்போது கட்டாயம் தண்ணீர் குடிக்க வேண்டும். உடம்பில் நீர் வற்றிய நிலையில் இவை சிறுநீரகத்தைப் பாதிக்கும். காலை பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில் வெறும் வயிற்றில் போடாதீர்கள். ஒரு சொம்பு ராகிக் கூழாவது குடித்துவிட்டுப் போடுங்கள்.

நான்காம் படி: நடை, சாப்பாடு

மாதம் முழுக்க வாரத்தில் பல நாள் வேகமாக நடப்பவர்களுக்கு வலி குறைவதுண்டு. சுக்குக் கஷாயம் ஓரளவு கேட்கும், குடிக்கலாம். ராகி, கீரை, முருங்கை வலியை நிறுத்தாது. ஆனால் உதிரம் அதிகம் போகிறவர்களுக்கு ரத்தம் ஊற அவசியம். இரும்புச்சத்து மாத்திரை சாப்பிட்ட கையோடு டீ குடித்தால் சத்து சரியாகச் சேராது.

ஐந்தாம் படி: டாக்டரிடம் போவது

இரண்டு, மூன்று மாதம் சரியான நேரத்தில் மாத்திரை போட்டும் வேலையோ படிப்போ கெடுகிறது என்றால் காலண்டரை எடுத்துக்கொண்டு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். ஸ்கேன் தேவைப்பட்டால் தர்மபுரி அல்லது கிருஷ்ணகிரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு எழுதித் தருவார்கள். வயிற்றின் மேல் எடுக்கும் ஸ்கேனுக்கு நிறையத் தண்ணீர் குடித்து, சிறுநீர் முட்டும் நிலையில் போக வேண்டும். கல்யாணம் ஆகாதவர் அதை முதலிலேயே சொல்லிவிடலாம்; உள்வழிப் பரிசோதனை இல்லாமலே வைத்தியம் தொடங்க முடியும். ரத்தத்தில் ஹீமோகுளோபின் 12-க்குக் கீழ் இருந்தால் ரத்தசோகை, அதற்குத் தனி மருந்து.

ஸ்கேனில் ஒன்றும் இல்லை என்றாலும் எண்டோமெட்ரியோசிஸ் இருக்கக்கூடும். "ஸ்கேன் நார்மல், எல்லாம் மனசுதான்" என்று யாராவது சொன்னால் அதோடு நிற்காமல் மகப்பேறு மருத்துவரைக் கேளுங்கள். ஹார்மோன் மாத்திரை கொடுத்தால் பயப்பட வேண்டாம். பிற்காலத்தில் குழந்தை பிறப்பதை அது கெடுக்காது. காப்பர்-டி போட்ட பிறகு வலி கூடியிருந்தால் அதையும் சொல்லுங்கள். கர்ப்பப்பையை எடுத்துவிடலாம் என்று எடுத்த எடுப்பில் யாராவது சொன்னால், வேறு வழிகள் என்ன என்று இரண்டாவது டாக்டரிடம் கேட்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

மணிக்கு ஒரு நாப்கின் நனைந்து அது தொடர்ந்தால், மயக்கம் வந்தால், காய்ச்சலோடு வலித்தால், நாள் தள்ளிப்போய் ஒரு பக்கம் திடீரென்று கடுமையாக வலித்தால் காலண்டர், கஷாயம் எதற்கும் காத்திருக்கக் கூடாது. 108-ஐக் கூப்பிடுங்கள்.