எஸ்எஸ்டி வேகம் குறையாமல், சீக்கிரம் கெடாமல் இருக்க: கோலாலம்பூர் வெக்கைக்கு ஏற்ற வழிகள்

கோலாலம்பூரில் ஏர்கோன் இல்லாத அறை மதியத்தில் 32 டிகிரியைச் சாதாரணமாகத் தொட்டுவிடும். இங்கே எஸ்எஸ்டியை, அதாவது கணினியில் ஃபைல்களைச் சேமிக்கும் சிப் டிரைவை, படுத்துபவை முக்கியமாக இரண்டு: இட நெருக்கடி, சூடு. பேஜ்ஃபைலை (ரேம் போதாதபோது விண்டோஸ் டிரைவில் பயன்படுத்தும் இடம்) நிறுத்துவது, ரெஜிஸ்ட்ரியை (விண்டோஸின் உள் அமைப்புப் பட்டியல்) மாற்றுவது எல்லாம் வீண் வேலை. கீழே உள்ளவை விண்டோஸ் 11க்கு.

முதலில் இடம். எஸ்எஸ்டி பேஜ் எனும் சின்னச் சின்னத் துண்டுகளாக எழுதும். அழிக்கும்போதோ பல பேஜ்கள் சேர்ந்த ஒரு பிளாக்கையே முழுதாக அழிக்கும். காலி இடம் குறைந்தால், சின்ன ஃபைலைச் சேமிக்கக்கூட உள்ளே இருப்பதை நகர்த்தி, அழித்து, மறுபடி எழுத வேண்டியிருக்கும். வேகமும் போகும், ஆயுளும் தேயும். 500 ஜிபியில் 75 முதல் 100 ஜிபி காலியாகவே இருக்கட்டும். செட்டிங்ஸ், சிஸ்டம், ஸ்டோரேஜ், டெம்பரரி ஃபைல்ஸ் என்று போய்த் துடையுங்கள். அந்தப் பட்டியலில் 'டவுன்லோட்ஸ்' என்று ஒன்று வரும். உள்ளே பார்க்காமல் அதில் டிக் போடாதீர்கள். வாட்ஸ்அப்பில் வந்த கல்யாணப் படங்கள் பெரும்பாலும் அங்கேதான் கிடக்கும்.

அடுத்து டிரிம். ஃபைலை நீக்கினாலும், அந்த இடம் இனி வேண்டாம் என்பது எஸ்எஸ்டிக்குத் தானாகத் தெரியாது; அதைத் தெரிவிக்கும் கட்டளை இது. ஸ்டார்ட்டில் 'டிஃப்ராக்' என்று தட்டி, வரும் முதல் புரோகிராமைத் திறங்கள். மீடியா டைப்பில் 'சாலிட் ஸ்டேட் டிரைவ்' என்று இருந்தால் ஆப்டிமைஸ் அழுத்துங்கள். ஷெட்யூல் வாரம் ஒருமுறை இருந்தால் போதும். ஃபைல் துண்டுகளை இடம் மாற்றி அடுக்கும் வேறு டிஃப்ராக் சாஃப்ட்வேர் எதுவும் வேண்டாம்.

சூடுதான் இங்கே பெரிய தலைவலி. டிரைவின் நிலையைக் காட்டும் கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ சாஃப்ட்வேர் இலவசம்; அதைப் போட்டு, பெரிய வீடியோ ஒன்றைக் காப்பி செய்துகொண்டே வெப்பநிலையைக் கவனியுங்கள். 40, 50 டிகிரி என்றால் கவலை இல்லை. 70ஐத் தாண்டினால் பல என்விஎம்இ டிரைவ்கள் (அதிவேக வகை எஸ்எஸ்டிகள்) தங்களைக் காத்துக்கொள்ள வேகத்தைத் தாங்களே குறைத்துவிடும்; காப்பி பாதியில் நத்தையாவது பல நேரம் இதனால்தான். டெஸ்க்டாப்பில் எம்.2 (மதர்போர்டில் நேராகச் செருகும் பட்டை வடிவ எஸ்எஸ்டி) ஹீட்சிங்க், அதாவது சூட்டை இழுத்து வெளியேற்றும் உலோகத் தகடு, மாட்டலாம்; கணினிக் கடைகள் நிறைந்த லோ யாட் பிளாசாவில் கேட்டாலே எடுத்துத் தருவார்கள். அதோடு வரும் தெர்மல் பேடின் (சூட்டைக் கடத்தும் மெத்தென்ற பட்டை) இரு பக்கமும் மெல்லிய பிளாஸ்டிக் தாள் ஒட்டியிருக்கும். அதை உரிக்காமல் மாட்டினால் சூடு வெளியேறாது. எஸ்எஸ்டியின் லேபிளை மட்டும் உரிக்காதீர்கள், வாரண்டி போய்விடும். மடிக்கணினியை மெத்தைமேல் வைக்காதீர்கள்.

கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோவிலேயே 'டோட்டல் ஹோஸ்ட் ரைட்ஸ்' பாருங்கள்; இதுவரை டிரைவில் எழுதிய மொத்த அளவு அது. டிரைவின் டிபிடபிள்யூ (தயாரிப்பாளர் சொல்லும் எழுதும் வரம்பு) 300 என்றால், 300 டெராபைட் எழுதும்வரை அல்லது வாரண்டி ஆண்டுகள் முடியும்வரை, எது முதலில் வருகிறதோ அதுவரை உத்தரவாதம். நாளுக்கு 20 ஜிபி எழுதினாலும் அதைத் தொட 40 வருடம் ஆகும். ஆகவே எழுதி எழுதித் தேய்ந்துவிடுமோ என்று பயந்து பயந்து பயன்படுத்த வேண்டியதில்லை.

சாயங்கால இடிமழையில் கரண்ட் போகும் வீடானால் டெஸ்க்டாப்புக்கு யூபிஎஸ் (கரண்ட் போனாலும் சிறிது நேரம் மின்சாரம் தரும் பேட்டரிப் பெட்டி) வாங்குங்கள். எழுதும் நடுவில் மின்சாரம் அறுந்தால், எந்தத் தரவு எங்கே என்ற உள்கணக்கே குழம்பலாம். டிரைவை உள்ளிருந்து இயக்கும் ஃபர்ம்வேரை அப்டேட் செய்வதும் பேக்கப் எடுத்த பிறகே.

பழைய எஸ்எஸ்டியில் படங்களைப் போட்டு அலமாரியில் பூட்டி வைப்பவர்களுக்கு: மின்சாரம் இல்லாமல் கிடந்தால் தரவைச் சேமிக்கும் செல்களில் உள்ள மின்னூட்டம் மெல்லக் கசியும், வெக்கையில் இன்னும் வேகமாக. சில மாதத்துக்கு ஒருமுறை கணினியில் செருகி, ஃபைல்களைத் திறந்து பாருங்கள். இன்னொரு பிரதியை ஹார்ட் டிஸ்க்கில் வையுங்கள்.