டிஸ்க் 2 போட்டதும் சேவ் காணோம்: லாஞ்சர்ல கேம் சேக்கறப்ப தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன ஞாயித்துக்கிழமை ஆபீஸ்ல கூட வேலை பாக்கற தம்பி ஒருத்தன் ஸ்கிரீன்ஷாட் அனுப்பி "அண்ணே, செட்டப் முடிச்சிட்டேன், எப்படி இருக்கு பாருங்க"ன்னான். லாஞ்ச்பாக்ஸ்ல (எல்லா கேமையும் ஒரே இடத்துல வரிசைப்படுத்தி காட்டற லாஞ்சர் அது) பிளேஸ்டேஷன் 1 பக்கம், வரிசையா அட்டைப்படம், பாக்கவே ஜோரா இருந்துச்சு. ஆனா அதுல ஃபைனல் ஃபேண்டஸி 7 மட்டும் மூணு தடவை, பக்கத்து பக்கத்துல, ஒரே அட்டையோட நின்னுட்டிருந்துச்சு. டிஸ்க் 1, டிஸ்க் 2, டிஸ்க் 3. எனக்கு வயித்தக் கலக்கிருச்சு. இதே மூணு அட்டைய என் கம்ப்யூட்டர்ல பாத்து நானும் ஒரு காலத்துல சந்தோஷப்பட்டவன்தான், அதுக்கப்புறம் என்ன ஆச்சுன்னு கீழ வரும்.

பயாஸ் (கன்சோலோட ஆரம்ப சாஃப்ட்வேர்) போடல, கன்ட்ரோலர் மேப் பண்ணல, எமுலேட்டரே (பழைய கன்சோல் மாதிரி கம்ப்யூட்டர்ல கேம ஓட்டற சாஃப்ட்வேர்) இன்ஸ்டால் பண்ணலங்கற மாதிரி விஷயத்த நான் எழுதப்போறதில்ல, அதெல்லாம் கேம் ஓடாம நின்னு தானே காட்டிக்கொடுத்துரும். ஓடும், நல்லாத்தான் இருக்கும், ரெண்டு மாசம் கழிச்சு கழுத்தறுக்கும் பாருங்க, அந்த ரகம்தான் இங்க. ஒண்ணு மட்டும் மனசுல வச்சுக்கங்க: லாஞ்ச்பாக்ஸோ பிளேநைட்டோ ஈஎஸ்-டிஈயோ, எந்த லாஞ்சரா இருந்தாலும் அது சப்ளையர்தான். சமையல் உள்ள எமுலேட்டர்ல நடக்குது. லாஞ்சருக்குத் தெரிஞ்சதெல்லாம் "இந்தப் பேர்ல, இந்த இடத்துல ஒரு ஃபைல் இருக்கு, அத இந்த எமுலேட்டர் கையில குடு", அவ்வளவுதான்.

ஃபோல்டர அப்படியே இழுத்துப் போடறது

ரிட்ஜ் ரேசர்ல மாட்டினேன் நான். பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்ல பாட்டு ஆடியோ டிராக்கா இருந்தா, டிஸ்க்க கம்ப்யூட்டருக்கு ஃபைலா எடுக்கும்போது ஒவ்வொரு டிராக்கும் தனித்தனி பின் ஃபைலா வரும், அதுகள எந்த வரிசைல படிக்கணும்னு சொல்ற குட்டி டெக்ஸ்ட் ஃபைல்தான் க்யூ. நான் ஃபோல்டரத் திறந்து கன்ட்ரோல்-ஏ அடிச்சு மொத்தத்தையும் இழுத்து லாஞ்சர்ல போட்டேன். "ரிட்ஜ் ரேசர் டிராக் 02", "டிராக் 03"ன்னு ஒவ்வொரு பாட்டும் ஒரு கேமா வந்து உக்காந்துக்கிச்சு, அதுல ஸ்கிரேப்பர் (நெட்ல அட்டைப்படம் தேடி ஒட்டற கருவி) வேற கடமை தவறாம ஒவ்வொண்ணுக்கும் கார் படம் ஒட்டி வச்சிருந்துச்சு. டிராக் 01 பின்ன நேரா திறந்தா கேம் ஓடிரும், அதான் ஆபத்து. பாட்டு மட்டும் வராது, நீங்க சவுண்ட் செட்டிங்க்ஸ்ல போய் ஒரு சாயங்காலம் தேடுவீங்க.

இம்போர்ட் பண்ணும்போது க்யூ மட்டும். இல்ல, சிஎச்டிமேன்னு, மேம்ங்கற ஆர்கேட் எமுலேட்டர் கூடவே வர்ற கருவி இருக்கு, க்யூவக் குடுத்தா எல்லா பின்னையும் சேத்து ஒரே சிஎச்டி ஃபைலா சுருக்கித் தந்துரும், ஃபோல்டரும் சுத்தமாயிரும், இடமும் மிச்சம்.

ஒரே கேமோட டிஸ்குகள தனித்தனி கேமா சேக்கறது

இதுதான். இத நினைச்சா எனக்கு இன்னிக்கும் எரியுது.

ராத்திரி சாப்பிட்டுட்டு ஒரு மணி நேரம், ஒன்றரை மணி நேரம்னு ரெண்டு மாசமா ஃபைனல் ஃபேண்டஸி 7 ஆடிட்டிருந்தேன், ரெட்ரோஆர்ச்ங்கற எமுலேட்டர்ல. மூணு டிஸ்கையும் லாஞ்சர்ல தனித்தனியாத்தான் சேத்து வச்சிருந்தேன், ஏன்னா ஃபைல் மூணு, அதனால கேமும் மூணு, என் கணக்கு அவ்வளவுதான். முதல் டிஸ்க் முடிஞ்சு அடுத்த டிஸ்க்கப் போடச் சொல்ற ஸ்கிரீன் வந்துச்சு. நானும் நல்ல பிள்ளையா எஸ்கேப் அழுத்தி வெளிய வந்து, லாஞ்சர்ல டிஸ்க் 2 அட்டைய க்ளிக் பண்ணி, கன்டினியூ குடுத்தேன். மெமரி கார்டு காலி. மொத்தமா காலி.

ஏன் அப்படின்னா, நிஜ பிளேஸ்டேஷன்ல மெமரி கார்டு முன்னாடி ஸ்லாட்ல தனியா சொருகியிருக்கும், மூடியத் திறந்து டிஸ்க்க மாத்தினாலும் கார்டு அங்கயேதான் இருக்கும். ரெட்ரோஆர்ச்ல அந்தக் கார்டே ஒரு ஃபைல்தான், 128 கேபி, எஸ்ஆர்எம்னு முடியும், அதோட பேரு நீங்க திறந்த கேம் ஃபைலோட பேரு. டிஸ்க் 1-னு ஃபைலத் திறந்தா டிஸ்க் 1-ன்னு ஒரு கார்டு, டிஸ்க் 2-னு ஃபைலத் திறந்தா டிஸ்க் 2-ன்னு புத்தம் புதுக் கார்டு. என் சேவ் எங்கயும் போகல, பழைய கார்டுல பத்திரமா இருந்துச்சு. எனக்குத்தான் தெரியல.

தெரியாதவன் சும்மா இருந்திருக்கலாம். ஃபைல் பேரு சரியில்ல போலன்னு நினைச்சு மூணு ஃபைலுக்கும் அழகா பேர் மாத்தி லாஞ்சர்ல திரும்ப ஸ்கேன் பண்ணேன். இப்ப டிஸ்க் 1-லயும் சேவ் காணோம், ஏன்னா பேரு மாறிப்போச்சு. சரி, கோர் (ரெட்ரோஆர்ச்சுக்குள்ள கேம ஓட்டற எமுலேட்டர் பாகம்) கெட்டுப்போச்சுன்னு கோர மாத்தினேன், சேவ் ஃபைல கோர் பேர்ல தனி ஃபோல்டரா பிரிக்கற செட்டிங் ஆன்ல இருந்ததால அங்கயும் காலி. கடைசியா ராத்திரி ரெண்டு மணிக்கு, ரெட்ரோஆர்ச்சே கெட்டுப்போச்சுன்னு முடிவு பண்ணி, ஃபோல்டர டெலீட் பண்ணிட்டு ஃப்ரெஷ்ஷா இறக்கினேன். விண்டோஸ்ல சேவ்ஸ் ஃபோல்டர் அதுக்குள்ளதான் இருக்குன்னு மறுநாள் காலைல பல்லு வெளக்கும்போது உறைச்சுது. எஸ்எஸ்டி வேற, ரெக்கவரி சாஃப்ட்வேர் போட்டும் ஒண்ணும் தேறல.

நோட்பேட்ல மூணே வரி எழுதியிருந்தா போதும். டிஸ்க் 1 சிஎச்டி பேரு, அதுக்குக் கீழ டிஸ்க் 2, அதுக்குக் கீழ டிஸ்க் 3, வேற எதுவும் வேணாம். அத அதே ஃபோல்டர்ல "ஃபைனல் ஃபேண்டஸி 7"னு, எம்3யூ எக்ஸ்டென்ஷனோட சேவ் பண்ணுங்க. லாஞ்சர்ல இந்த எம்3யூவ மட்டும் சேருங்க, டிஸ்குகள சேக்காதீங்க. இப்ப கார்டு எம்3யூ பேர்ல ஒண்ணே ஒண்ணுதான் உருவாகும். டிஸ்க் மாத்தச் சொல்லும்போது வெளிய வராதீங்க, ரெட்ரோஆர்ச் க்விக் மெனுல டிஸ்க் கன்ட்ரோல்னு இருக்கும், அதுல எஜெக்ட், அப்புறம் நம்பர 2-க்கு மாத்தி, இன்சர்ட். நிஜமா மூடியத் திறந்து மூடற அதே வேலைதான்.

நோட்பேட்ல ஒரு வம்பு இருக்கு. விண்டோஸ் எக்ஸ்டென்ஷன மறைச்சு வச்சிருந்தா நீங்க எம்3யூன்னு நினைச்சு சேவ் பண்றது எம்3யூ.டிஎக்ஸ்டி ஆயிரும், பாக்க சரியாத்தான் தெரியும். எக்ஸ்ப்ளோரர்ல வியூ மெனு போய் ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன முதல்ல ஆன் பண்ணிருங்க.

லாஞ்ச்பாக்ஸ்காரங்களுக்கு இன்னொரு வழி இருக்கு. இம்போர்ட் பண்ணும்போதே ஒரே பேர்ல இருக்கற ரோம்கள (கேம் ஃபைல்கள) ஒரே கேமா சேக்கற ஆப்ஷன் வரும், அத டிக் பண்ணிட்டு எமுலேட்டர் செட்டிங்ல அசோசியேட்டட் பிளாட்ஃபார்ம்ஸ் பக்கம் போனா பிளேஸ்டேஷன் வரிசைல எம்3யூ டிஸ்க் லோட்னு ஒரு பெட்டி இருக்கும், அதையும் டிக் பண்ணா அதுவே லிஸ்ட் போட்டுக்கும். ஈஎஸ்-டிஈல பிரச்சன வேற மாதிரி, எம்3யூவும் காட்டும், கூடவே மூணு டிஸ்கையும் காட்டும். அதுக்கு ஒரு ஃபோல்டருக்கே எம்3யூ ஃபைலோட முழுப் பேர, எக்ஸ்டென்ஷன் உள்பட, அச்சு பிசகாம வச்சு, எம்3யூவயும் டிஸ்குகளயும் அதுக்குள்ள போட்டா அந்த ஃபோல்டரையே ஒரு கேமா எடுத்துக்கும். முதல் தடவ கேட்டப்ப எனக்கே கிறுக்குத்தனமா பட்டுச்சு, ஆனா வேலை செய்யுது.

தனியா டக்ஸ்டேஷன்ங்கற பிளேஸ்டேஷன் எமுலேட்டர் வச்சிருக்கறவங்க கொஞ்சம் தப்பிச்சீங்க, அது கேம் தலைப்ப வச்சு கார்டு பிரிக்கறதால எல்லா டிஸ்க்கும் ஒரே கார்டுதான். ஆனா யாரோ சொன்னாங்கன்னு அத சீரியல் நம்பர் வாரியா மாத்தினீங்கன்னா திரும்ப அதே குழிதான், ஏன்னா மூணு டிஸ்க்குக்கும் மூணு சீரியல். அமெரிக்க ஃபைனல் ஃபேண்டஸி 7-ல 94163, 94164, 94165-னு போகும்.

ஏற்கனவே பாதி ஆடியாச்சா? பதறாதீங்க, எதையும் டெலீட் பண்ணாதீங்க. சேவ்ஸ் ஃபோல்டர்ல டிஸ்க் 1 பேர்ல இருக்கற எஸ்ஆர்எம் ஃபைல காப்பி பண்ணுங்க, மூவ் இல்ல காப்பி, அந்தக் காப்பிக்கு எம்3யூ என்ன பேரோ அதே பேர வைங்க. அவ்வளவுதான். ரெண்டு நிமிஷ வேலை. இத அன்னிக்கு ராத்திரி யாராவது எனக்குச் சொல்லியிருக்கலாம்.

பேரு அசிங்கமா இருக்குன்னு ஆர்கேட் ரோம் பேர மாத்தறது

மத்த கன்சோல்ல பேர மாத்தினா சேவ் போகும், ஆர்கேட்ல (கடைல காசு போட்டு ஆடற மெஷின் கேம்) மாத்தினா கேமே போயிரும். நம்ம ஊர்ல முஸ்தபான்னு சொன்னாத்தான் தெரியும், மஞ்சத் தொப்பி போட்ட ஆள் டைனோசர் நடுவுல புகுந்து அடிப்பாரே, அந்த கேம். அதோட உண்மையான பேரு கேடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ், கேப்காம் 1993-ல விட்டது. மேம்ல அந்த ஃபைல் பேரு டைனோ.ஜிப், மேமுக்கு அந்த ஒரு பேர் மட்டும்தான் தெரியும். பாசத்துல முஸ்தபா.ஜிப்னு வச்சீங்கன்னா மேம் "யார் நீ"ன்னு கேக்கும். பிரிச்சு ஃபோல்டரா போடறதும் வேணாம், ஜிப் ஜிப்பாவே இருக்கட்டும்.

முஸ்தபான்னு பாக்கணும்னு ஆசையா இருந்தா லாஞ்சர்ல எடிட் போய் டைட்டில்ல எழுதிக்கங்க, ஃபைல் பாத்ல கை வைக்காதீங்க. நான் தமிழ்லயே எழுதி வச்சிருக்கேன்.

இன்னொண்ணு, சில ரோம் தனியாளா நிக்காது. மெட்டல் ஸ்லக் சேத்தா அந்த மெஷினோட பயாஸான நியோஜியோ.ஜிப்பும் அதே ஃபோல்டர்ல இருக்கணும். அமெரிக்க வெர்ஷன் டைனோயு.ஜிப், ஸ்ப்ளிட் செட்டா (மாறுன ஃபைல் மட்டும் இருக்கற ஜிப்பா) இருந்தா அப்பா ஃபைலான டைனோ.ஜிப் இல்லாம ஓடாது. "லிஸ்ட்ல ஒரே கேம் ரெண்டு இருக்கே"ன்னு லாஞ்சர்ல ஒண்ண மறைச்சுக்கலாம், ஹார்ட் டிஸ்க்ல இருந்து அப்பா ஃபைல அழிச்சீங்கன்னா பையன் அப்பா இல்லாம நிப்பான்.

பிசி கேம்ல கண்ணுல பட்ட ஈஎக்ஸ்ஈய எல்லாம் சேக்கறது

பிசி கேம் ஃபோல்டர ஸ்கேன் பண்ணா கேமோட ஈஎக்ஸ்ஈ ஒண்ணு வரும், கூட அழையா விருந்தாளி நாலு வரும். யூனிட்டி கேமா இருந்தா க்ராஷ் ஹேண்ட்லர், விஷுவல் சி++ ரீடிஸ்ட், செட்டிங்ஸ் டூல், அப்புறம் அன்இன்ஸ்000. எங்க அக்கா பையனுக்கு ஏழு வயசு, லீவுக்கு வந்தவன் லிஸ்ட்ல புதுசா ஒரு "கேம்" இருக்கேன்னு அன்இன்ஸ்000-வ அழுத்தி, கேட்ட கேள்விக்கெல்லாம் யெஸ் குடுத்து, 40 ஜிபி கேம ஒரு நிமிஷத்துல முடிச்சு வச்சிட்டு "மாமா, இது சின்ன கேமா இருக்கு"ன்னான்.

ஸ்கேன் முடிஞ்சதும் வர்ற லிஸ்ட்ட ஒரு தடவ கண்ணால பாத்து டிக் எடுங்க. ஸ்டீம்ல வாங்கினத ஈஎக்ஸ்ஈ தேடிச் சேக்கவே வேணாம், பிளேநைட்ல ஸ்டீம் லைப்ரரிய இணைச்சா தானா வந்துரும். பழைய கேம் திறந்த உடனே மூடிக்கிச்சுன்னா வொர்க்கிங் டைரக்டரி (கேம் எந்த ஃபோல்டர்ல இருந்து ஓடணும்ங்கற செட்டிங்) பாருங்க, கேம் தன்னோட டேட்டா ஃபைல வேற எங்கயோ தேடிட்டிருக்கும்.

லாஞ்சர்ல இருந்து கேம அடிச்சு மூடறது

ஆட்டோசேவ் ஆஃப்ல இருந்தா ரெட்ரோஆர்ச் அந்த எஸ்ஆர்எம் கார்ட கேம முறையா மூடும்போதுதான் ஹார்ட் டிஸ்க்ல எழுதும். அப்ப லாஞ்சர்ல ஒரு ஹாட்கீ வச்சு ப்ராசஸக் கொன்னா எழுத நேரமே இருக்காது, கேமுக்குள்ள நீங்க பத்து தடவ சேவ் பண்ணியிருந்தாலும் சரி. ரெட்ரோஆர்ச் சேவிங் செட்டிங்ல சேவ்ரேம் ஆட்டோசேவ் இன்டர்வல் ஆஃப்ல இருந்தா பத்து செகண்டுக்கு மாத்தி வைங்க.

எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்

லாஞ்சர் ஃபைல் இருக்கற இடத்த டிரைவ் எழுத்தோடதான் ஞாபகம் வச்சுக்கும், அதனால விண்டோஸ் டிஸ்க் மேனேஜ்மென்ட்ல போய் அந்த டிரைவுக்கு ஆர்னோ எக்ஸ்னோ கடைசிப் பக்கத்து எழுத்து ஒண்ணக் குடுத்துருங்க, இல்லன்னா ஒரு பென்டிரைவ் சொருகின நாளன்னிக்கு லிஸ்ட் மொத்தமும் செத்துக்கிடக்கும்.

காப்பியா, மூவா?

இம்போர்ட் பண்ணும்போது லாஞ்சர் கேம் ஃபைல காப்பி பண்ணவா, மூவ் பண்ணவான்னு கேட்டா ரெண்டும் வேணாம். இருக்கற இடத்துலயே இருக்கட்டும்.

ஃபுல் செட் இறக்கி மொத்தமா சேக்கறது

ஒரு கன்சோலோட எல்லா கேமும் எதுக்கு? ஆடப்போறது இருபது.

தம்பிக்கு அன்னிக்கே போன் பண்ணேன். பதினோரு மணி நேரம் ஆடியிருக்கான், இன்னும் முதல் டிஸ்க்லதான் இருக்கான், கோயிலுக்கு நேந்துக்கிட்ட மாதிரி ஒரு நிம்மதி. போன்லயே எம்3யூ எழுதவச்சு, எஸ்ஆர்எம்ம காப்பி பண்ணவச்சு, லாஞ்சர்ல சேக்கச் சொன்னேன். "அண்ணே, ஃபைலயே காட்டமாட்டேங்குது"ன்னான். எக்ஸ்டென்ஷன ஆன் பண்ணிப் பாருடான்னேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. அப்புறம் மெதுவா, "டிஎக்ஸ்டின்னு இருக்குண்ணே".